பணிமூப்புத் தகராறும் நீதிமன்ற அதிகாரமும்: உதவி பெறும் பள்ளி ஆசிரியர் எங்கே முறையிட வேண்டும்?

சிங்கப்பூரின் ஈசூன் பகுதியில் வசிக்கும் ஓர் அன்பர் கேட்டிருக்கும் கேள்வியை முதலில் சுருக்கமாக எழுதிவிடுகிறேன். அவருடைய அக்கா பட்டுக்கோட்டைக்கு அருகில் அரசு உதவி பெறும் உயர்நிலைப் பள்ளியொன்றில் 2004 முதல் பட்டதாரி ஆசிரியர். 2006இல் பணியில் சேர்ந்த இன்னொருவரைப் பணிமூப்புப் பட்டியலில் அக்காவுக்கு மேலே வைத்து, சென்ற ஜூன் மாதம் தலைமையாசிரியராகவும் அமர்த்திவிட்டது பள்ளி நிர்வாகம். அக்காவின் நியமனத்துக்குக் கல்வித்துறையின் ஒப்புதல் 2007இல்தான் கிடைத்தது என்பது நிர்வாகம் சொல்லும் காரணம். ஊரில் மூன்று வழக்கறிஞர்களைப் பார்த்திருக்கிறார்கள். சிவில் கோர்ட்டில் வழக்குப் போடலாம் என்றார் ஒருவர். ரிட், அதாவது நேராக உயர் நீதிமன்றத்தில் மனு, போடாமல் காரியம் நடக்காது என்றார் அடுத்தவர். தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும் என்றார் மூன்றாமவர். யார் சொல்வது சரி, தம்பியாகிய தாம் சிங்கப்பூரிலிருந்தபடியே வழக்குத் தொடுக்கலாமா, இங்கே ஓர் ஆசிரியருக்கு இப்படி நேர்ந்தால் அவர் எங்கே போவார் என்று கேட்டிருக்கிறார். கேள்விகள் மூன்றாக இருந்தாலும் உள்ளே இருக்கும் கவலை ஒன்றுதான்: தவறான வாசலில் நின்று ஆண்டுகளை இழந்துவிடாமல் இருக்க முதலில் எந்தக் கதவைத் தட்ட வேண்டும் என்பது.

சிங்கப்பூருக்குக் குடிவருவதற்கு முன் 14 ஆண்டுகள், முதலில் சென்னை உயர் நீதிமன்றத்திலும் பிறகு அதன் மதுரைக் கிளையிலும், பணி சார்ந்த வழக்குகளையே பெரும்பாலும் நடத்தினேன். அவற்றில் பாதிக்குமேல் ஆசிரியர்களுடையவை. இங்கே நான் வழக்கறிஞராகத் தொழில் செய்யவில்லை. உங்கள் அக்காவின் நியமன ஆணையையோ ஒப்புதல் கடிதத்தையோ பார்க்காமல் எழுதுகிறேன் என்பதையும் மறந்துவிட வேண்டாம். பணிமூப்பு வழக்கில் ஒரு தேதி மாறினால் முடிவே மாறிவிடும். ஆகவே எது உறுதியான சட்டம், எது இன்னும் வாதத்துக்கு இடமுள்ளது என்று பிரித்துச் சொல்ல முயல்கிறேன்.

எந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் என்பது தகராறின் பெயரைப் பொறுத்து அமைவதில்லை. ஆசிரியருக்குச் சம்பளம் யார் கொடுக்கிறார்கள், அவருடைய பணி நிபந்தனைகளை எந்தச் சட்டம் வகுக்கிறது, அவரைப் பாதித்த உத்தரவில் கையெழுத்திட்டவர் யார் என்ற மூன்றையும் பொறுத்தே அமைகிறது. ஒரே ஊரில் ஒரே தெருவில் இருக்கும் அரசுப் பள்ளி ஆசிரியர், மத்திய அரசின் கேந்திரிய வித்யாலயா ஆசிரியர், உதவி பெறும் பள்ளி ஆசிரியர், சுயநிதிப் பள்ளி ஆசிரியர் நால்வருக்கும் ஒரே மாதிரியான குறை இருந்தாலும் நால்வரும் வெவ்வேறு கதவுகளைத்தான் தட்ட வேண்டும். உங்களிடம் மூன்று வழக்கறிஞர்கள் மூன்று விதமாகச் சொன்னதற்கு இதுவே காரணமாக இருக்கலாம். ஒவ்வொருவரும் தாம் அதிகம் நடத்திய வகை வழக்கை மனத்தில் வைத்துப் பேசியிருப்பார்கள்.

அரசுப் பள்ளி ஆசிரியரின் நிலை தெளிவானது. அரசியலமைப்பில் 42ஆவது திருத்தத்தின் மூலம் சேர்ந்த 323ஏ பிரிவையும் 1985ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தையும் கொண்டு 1988 டிசம்பரில் தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் தொடங்கியது. அதன்பின் மாநில அரசு ஊழியர்களும் அரசுப் பள்ளி ஆசிரியர்களும் பணிமூப்புக் குறைகளை அங்கேதான் கொண்டுபோனார்கள். எல்.சந்திரகுமார் வழக்கில் 1997இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்புக்குப் பிறகு, தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் கொண்ட அமர்வில் எதிர்க்கும் வழி திறந்தது. 2006இல் அந்தத் தீர்ப்பாயமே கலைக்கப்பட்டு வழக்குகள் உயர் நீதிமன்றத்துக்கு வந்து சேர்ந்தன. எனவே இன்று தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியர் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் நேராக உயர் நீதிமன்றத்தில்தான் மனுச் செய்கிறார். கேந்திரிய வித்யாலயா ஆசிரியருக்கு மட்டும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் உண்டு. 1985ஆம் ஆண்டுச் சட்டம் ‘பணி விவகாரம்’ என்பதற்குத் தரும் விளக்கத்திலேயே பணிமூப்பு என்ற சொல் இடம்பெற்றிருப்பதால் அங்கே அதிகாரம் பற்றிய சந்தேகமே எழாது. அந்தத் தீர்ப்பாயத்தில், இறுதி உத்தரவு வந்த ஓராண்டுக்குள் மனுச் செய்துவிட வேண்டும்.

உங்கள் அக்கா இந்த இரு வகையிலும் சேரமாட்டார். அவருடைய சம்பளம் அரசின் மானியத்திலிருந்து வருகிறது. ஆனால் அவரை நியமித்தது பள்ளி நிர்வாகம். அரசு ஊழியருமில்லாமல் வெறும் தனியார் ஊழியருமில்லாமல் இடையில் நிற்பவர் உதவி பெறும் பள்ளி ஆசிரியர். அவருக்காகவே 1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அங்கீகரிக்கப்பட்ட தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டமும் 1974ஆம் ஆண்டின் விதிகளும் வந்தன. அந்தச் சட்டத்தின் 23ஆவது பிரிவு, பணிநீக்கம் செய்யப்பட்டவர் அல்லது பதவி இறக்கப்பட்டவர் மேல்முறையீடு செய்யலாம் என்பதோடு நிற்கவில்லை. சம்பளமோ பணி நிபந்தனைகளோ தமக்குப் பாதகமாக மாற்றப்பட்டாலும், பாதகமாகப் பொருள்கொள்ளப்பட்டாலும் மேல்முறையீடு செய்யலாம் என்று இடம் கொடுத்தது. அந்த மேல்முறையீட்டின் முடிவிலும் குறை இருந்தால் 24ஆவது பிரிவின்கீழ் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். உங்களிடம் தீர்ப்பாயம் என்று சொன்ன மூன்றாவது வழக்கறிஞர் இதைக் கருதியிருந்தால் அவர் பேச்சில் நியாயம் உண்டு. கலைக்கப்பட்ட பழைய நிர்வாகத் தீர்ப்பாயத்தைக் கருதியிருந்தால் அந்தப் பேச்சை அங்கேயே விட்டுவிடலாம். எதைச் சொன்னார் என்று அவரிடமே கேட்டுக்கொள்ளுங்கள்.

இங்கே ஒரு எச்சரிக்கை. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்துக்கு 2018ஆம் ஆண்டின் தமிழ்நாடு தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டமும் அதன்கீழ் 2023ஆம் ஆண்டின் விதிகளும் வந்துவிட்டன. அக்கா சேர்ந்தது பழைய சட்டத்தின் காலத்தில்; அவரைப் பாதித்த பதவி உயர்வு நடந்ததோ புதிய சட்டத்தின் காலத்தில். பொதுவாக, உரிமை எப்போது உருவானது என்பதை அந்தக் காலத்துச் சட்டத்தைக் கொண்டும், முறையீட்டை எங்கே வைப்பது என்பதை உத்தரவு பிறந்த நாளில் நடப்பிலிருந்த சட்டத்தைக் கொண்டும் பார்ப்பார்கள். ஆகவே மனுவை எழுதும் வழக்கறிஞர் பழைய பிரிவு எண்களை நினைவிலிருந்து எழுதிவிடாமல் புதிய சட்டத்தின் மேல்முறையீட்டுப் பிரிவை ஒருமுறை எடுத்துப் படித்துவிட வேண்டும். பழைய மாதிரி மனுவை அப்படியே நகலெடுத்து எழுதி, பிரிவு தவறு என்று திரும்பி வந்த கட்டுகளை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

பணிமூப்பில் கீழே வைப்பது ‘பணி நிபந்தனையைப் பாதகமாக மாற்றுவது’ ஆகுமா என்ற இடத்தில்தான் வாதம் தொடங்குகிறது. ஆகும் என்பது என் கருத்து. பணிமூப்பு பணி நிபந்தனையின் ஒரு பகுதி என்பதில் பணிச் சட்டம் படித்த யாருக்கும் மாறுபாடு இருக்காது. ஆனால் எதிர்த்தரப்பு வேறு விதமாகச் சொல்லும்: பட்டியலை யாரும் மாற்றவில்லை, முதலிலிருந்தே இப்படித்தான் இருந்தது, ஆகவே மேல்முறையீட்டுக்குரிய ‘உத்தரவு’ எதுவுமே இல்லை என்று சொல்லும். அந்த வாதத்துக்கு ஓரளவு பலம் இருக்கிறது. அதை முறியடிக்க ஒரே வழி, அக்கா எழுத்தில் ஆட்சேபம் கொடுத்து, பள்ளிச் செயலரிடமிருந்தோ மாவட்டக் கல்வி அலுவலரிடமிருந்தோ எழுத்தில் ஒரு பதிலை வாங்குவது. அந்தப் பதில் வந்துவிட்டால் எதிர்ப்பதற்கு ஓர் உத்தரவு கையில் இருக்கிறது.

இனி சிவில் கோர்ட். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆவது பிரிவுப்படி, வெளிப்படையாகவோ உட்பொருளாகவோ தடுக்கப்படாத எல்லா உரிமையியல் வழக்குகளையும் சிவில் நீதிமன்றம் விசாரிக்கலாம். பணிமூப்பு அடிப்படை உரிமையன்று, வெறும் குடிமை உரிமையே என்று பிம்லேஷ் தன்வர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003இல் சொல்லியிருப்பதைப் பிடித்துக்கொண்டு, குடிமை உரிமையென்றால் சிவில் கோர்ட்டில் விளம்புகை (உரிமை இன்னதென்று அறிவிக்கும் தீர்ப்பு) கேட்கலாமே என்று வாதிடுவோர் உண்டு. ஆனால் 1973ஆம் ஆண்டுச் சட்டத்தின் 53ஆவது பிரிவு, அந்தச் சட்டத்தின்கீழ் ஓர் அதிகாரி தீர்மானிக்க வேண்டிய எந்தக் கேள்வியையும் சிவில் நீதிமன்றம் விசாரிக்கக்கூடாது என்று தடுத்திருந்தது. தடை எந்த அளவுக்குச் செல்லும் என்பதைத் துலாபாய் வழக்கில் 1968இல் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிகளைக் கொண்டுதான் இன்றும் அளக்கிறார்கள். ஒரு சட்டம் ஓர் உரிமையையும் படைத்து, அந்த உரிமை மீறப்பட்டால் போதிய பரிகாரத்தையும் அதே சட்டத்தில் வைத்திருந்தால், சிவில் நீதிமன்றம் ஒதுங்கி நிற்க வேண்டும். அதிகாரி சட்டத்தின் விதிகளையே மீறியிருந்தாலோ, நீதி நடைமுறையின் அடிப்படைகளைக் கைவிட்டிருந்தாலோ மட்டும் அது உள்ளே வரலாம். நிர்வாகத்துக்குள் இரு தரப்பினரிடையே யார் செயலர் என்ற சண்டை சிவில் நீதிமன்றத்துக்குப் போவது வேறு கதை. அதற்குச் சட்டமே தனியாக 53ஏ பிரிவில் இடம் வைத்திருந்தது. ஆசிரியரின் பணிமூப்பு அந்த வகையில் வராது.

தனியார் பணி ஒப்பந்தத்தை நீதிமன்றம் வலிந்து நிறைவேற்றாது என்ற பழைய நெறியும் சிவில் வழக்கின் குறுக்கே நிற்கிறது. வைஷ் பட்டக் கல்லூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு மூன்று விலக்குகளையே ஒப்புக்கொண்டது: அரசியலமைப்பின் 311ஆவது பிரிவின் பாதுகாப்புப் பெற்ற அரசு ஊழியர், தொழில் தகராறுச் சட்டத்தின்கீழ் வரும் தொழிலாளி, சட்டத்தால் உருவான அமைப்பு சட்டத்தின் கட்டாய விதியை மீறிய நிலை. இவற்றில் தொழிலாளி என்ற விலக்கு ஆசிரியருக்கு உதவாது. பள்ளியைத் தொழிற்துறை என்று சொல்ல முடிந்தாலும் ஆசிரியர் ‘தொழிலாளி’ ஆகமாட்டார் என்று சுந்தராம்பாள் வழக்கில் 1988இல் தீர்ப்பாகிவிட்டது. கோவாவில் ஓர் ஆசிரியை தொடுத்த வழக்கு அது. எனவே தொழிலாளர் நீதிமன்றம் என்று யாராவது சொன்னால் அதைப் பற்றி மேலும் யோசிக்கத் தேவையில்லை. இவையெல்லாம் சேர்ந்து பார்க்கையில், உங்கள் அக்காவுக்குச் சிவில் வழக்கு ஏற்ற வழியன்று என்பதே என் உறுதியான எண்ணம். மனு ஏற்கப்படுமா என்ற கேள்வியிலேயே சில ஆண்டுகள் போய், கடைசியில் மனுவைத் திருப்பிக் கொடுத்து உரிய இடத்தில் தாக்கல் செய்யச் சொல்லிவிடுவார்கள். நல்லெண்ணத்தோடு தவறான நீதிமன்றத்தில் கழித்த காலத்தைக் காலவரையறைச் சட்டத்தின் 14ஆவது பிரிவு கழித்துக் கொடுக்கும் என்பது உண்மை. ஆனால் அதற்குள் ஓய்வு வயது வந்துவிட்டால் கழித்துக் கொடுத்து என்ன பயன்?

ரிட் மனு என்று சொன்ன இரண்டாவது வழக்கறிஞரின் வழி அதிகாரத்தைப் பொறுத்தவரை உறுதியான தளத்தில் நிற்கிறது. அரசு உதவி பெறும் கல்வி நிறுவனம் பொதுக் கடமையைச் செய்வதால் அதன்மேல் ரிட் செல்லும் என்று ஆண்டி முக்தா வழக்கில் 1989இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மேலும், உங்கள் அக்காவின் வழக்கில் பள்ளி மட்டும் எதிர்த்தரப்பாக இருக்கப்போவதில்லை. அந்தத் தலைமையாசிரியரின் நியமனத்துக்குக் கல்வித்துறையின் ஒப்புதல் இல்லாமல் அந்தப் பதவிக்குரிய ஊதியம் வராது. அந்த ஒப்புதல் ஆணை ஓர் அரசு அதிகாரியின் உத்தரவு. அதை எதிர்த்தால் 226ஆவது பிரிவின்கீழ் மனு நிற்குமா என்ற கேள்விக்கே இடமிருக்காது. நிர்வாகத்தின் செயலை மட்டும் எதிர்த்து, கல்வித்துறையின் ஒப்புதலைத் தொடாமல் விட்ட மனுக்கள் வலுவிழந்ததை நான் பலமுறை கண்டிருக்கிறேன். உதவி பெறாத சுயநிதிப் பள்ளி ஆசிரியருக்கு இந்த வசதி கிடையாது. செயின்ட் மேரீஸ் கல்விச் சங்க வழக்கில் 2022இல், பொதுச் சட்டத்தின் கூறு, அதாவது பொதுக் கடமை சார்ந்த அம்சம், இல்லாத வெறும் பணி ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் செல்லாது என்று தெளிவாகக் கூறப்பட்டுவிட்டது. அப்படிப்பட்ட ஆசிரியர்களுக்காகத்தான் டி.எம்.ஏ.பாய் வழக்கில் 2002இல் 11 நீதிபதிகள் கொண்ட அமர்வு மாவட்டந்தோறும் கல்வித் தீர்ப்பாயம் வேண்டும், அது அமையும்வரை மாவட்ட நீதிபதி அந்தப் பொறுப்பை ஏற்கலாம் என்றது. ஆனால் அது ஒழுங்கு நடவடிக்கையை மனத்தில் வைத்துச் சொன்னது.

அதிகாரம் இருக்கிறது என்பதால் நீதிமன்றம் அதைக் கட்டாயம் பயன்படுத்தும் என்று எண்ணிவிட வேண்டாம். சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கும்போது அதை விட்டுவிட்டு ஏன் நேராக வந்தீர்கள் என்று நீதிபதி முதல் நாளே கேட்பார். வேர்ல்பூல் வழக்கில் 1998இல் சொல்லப்பட்ட விலக்குகளில் ஒன்றைக் காட்ட முடிந்தால் மட்டும் மாற்றுப் பரிகாரம் தடையாகாது: அடிப்படை உரிமை மீறல், இயற்கை நீதி மீறல், அதிகாரமே இல்லாத உத்தரவு, சட்டத்தின் செல்லுபடியையே கேள்வி கேட்பது ஆகியவை அவை. அக்காவுக்கு முன்னறிவிப்பின்றி, ஆட்சேபம் கேட்காமல் பட்டியல் இறுதி செய்யப்பட்டிருந்தால் இயற்கை நீதி மீறல் என்ற வாதம் நன்றாக நிற்கும். பட்டியலில் அவர் முன்பே கையெழுத்திட்டிருந்தால் நிற்காது. ஆசிரியர்கள் ஆண்டுதோறும் சுற்றுக்கு வரும் பட்டியலில் படித்துப் பார்க்காமலே கையெழுத்திட்டுவிடும் வழக்கத்தை நினைத்தால் எனக்கு இன்றும் வருத்தமாக இருக்கிறது. வழக்கு நாளில் எதிர்த்தரப்பு முதலில் நீட்டும் தாள் அதுதான்.

பட்டுக்கோட்டை தஞ்சாவூர் மாவட்டத்தில் இருப்பதால் மனு மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். 2004 ஜூலையில் தொடங்கிய அந்தக் கிளையின் எல்லைக்குள் தஞ்சாவூர் வருகிறது. அதே பள்ளி மன்னார்குடிப் பக்கம், அதாவது திருவாரூர் மாவட்டத்தில் இருந்திருந்தால் சென்னைக்குப் போக வேண்டியிருக்கும். இங்கிருக்கும் நம்மவர் பலருக்கு இரண்டு ஊரிலும் சொந்தம் இருப்பதால் இதைக் குறிப்பிடுகிறேன்.

யாரைச் சேர்ப்பது என்பதிலும் கவனம் வேண்டும். தலைமையாசிரியராகிவிட்ட அந்த இளையவரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் அவருடைய பதவியைப் பறிக்கும் உத்தரவைக் கேட்க முடியாது. பிரபோத் வர்மா வழக்கு 1984இல் இதை வலியுறுத்தியது. கொள்கையையே எதிர்க்கும் வழக்குகளில் மட்டும் பாதிக்கப்படக்கூடிய ஒவ்வொருவரையும் சேர்க்கத் தேவையில்லை. தொடக்கப் பள்ளி, நடுநிலைப் பள்ளி ஆசிரியர்களின் பணிமூப்பை ஊராட்சி ஒன்றிய அளவிலிருந்து மாநில அளவுக்கு மாற்றிய 2023 டிசம்பர் 21ஆம் தேதியின் அரசாணை 243ஐ எதிர்ப்பவர் அந்த வகையில் வருவார். உங்கள் அக்காவுடையது இரண்டு பேருக்கிடையிலான தகராறு. அந்த ஒருவர் வழக்கில் இருந்தே தீர வேண்டும். ஒரே ஆசிரியர் அறையில் நாள்தோறும் எதிரெதிரே அமரும் ஒருவர்மேல் வழக்குப் போடுவது மனத்துக்குக் கடினமானது என்பதை அறிவேன். தயங்கி அவர் பெயரை விட்டுவிட்டவர்கள் அந்தக் காரணத்தாலேயே தோற்றிருக்கிறார்கள்.

எல்லாவற்றையும்விட என்னைக் கவலைப்பட வைப்பது காலம். பி.எஸ்.சதாசிவசுவாமி என்ற தமிழ்நாட்டு வழக்கில் 1974இலேயே உச்ச நீதிமன்றம், தமக்கு இளையவர் பதவி உயர்வு பெற்றதால் பாதிக்கப்பட்டவர் 6 மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றத்துக்கு வந்துவிட வேண்டும் என்று சொன்னது. 226ஆவது பிரிவுக்குக் காலவரையறை எதுவும் எழுதப்படவில்லை என்றாலும் நடைமுறையில் இந்த அளவுகோலையே எதிர்த்தரப்பு எடுத்து வைக்கும். அரசுப் பள்ளி ஆசிரியர்களுக்கோ, பழைய சார்நிலைப் பணி விதிகளில் 35ஆவது விதியே பணிமூப்புத் திருத்தம் கேட்பதற்கு 3 ஆண்டுக் கெடு வைத்திருந்தது. உங்கள் அக்காவுக்கு ஜூன் மாதப் பதவி உயர்விலிருந்து கணக்குத் தொடங்குகிறது என்று நாம் சொல்வோம். எதிர்த்தரப்பு, பட்டியல் பல ஆண்டுகளாக இப்படித்தான் இருக்கிறது, அன்றே வந்திருக்க வேண்டும் என்று சொல்லும். இதில் எது எடுபடும் என்பது பழைய பட்டியல்கள் அவருக்குத் தரப்பட்டனவா என்பதைப் பொறுத்தது. இங்கே நான் உறுதி கூற முடியாது.

மனுமேல் மனுவாக அனுப்பிக்கொண்டிருந்தால் உரிமை உயிரோடு இருக்கும் என்று பலர் நம்புகிறார்கள். அது ஆபத்தான நம்பிக்கை. நான் தொழிலுக்கு வந்த மூன்றாம் ஆண்டில் ஓர் உடற்கல்வி ஆசிரியர் வந்தார். 11 ஆண்டுகளில் அவர் அனுப்பியிருந்த மனுக்களின் நகல்களைத் தேதி வாரியாக ஒரு துணிப்பையில் கட்டிக் கொண்டுவந்திருந்தார். ஒவ்வொன்றிலும் பதிவஞ்சல் ரசீது ஒட்டியிருந்தது. அவர் பக்கம் நியாயம் முழுமையாக இருந்தது. அவருடைய மனுவைப் பரிசீலிக்கும்படி ஓர் உத்தரவை நாங்கள் எளிதாக வாங்கிவிட்டோம். அதிகாரி பரிசீலித்து நிராகரித்தார். அந்த நிராகரிப்பை எதிர்த்துப் போனபோது, 11 ஆண்டுக்கு முந்தைய கோரிக்கை இது என்று மனு தள்ளுபடியாகிவிட்டது. சி.ஜேக்கப் வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் சொன்னதும் இதையே: செத்துப்போன கோரிக்கைக்கு அதிகாரி பதில் எழுதினார் என்பதற்காக அது உயிர் பெறாது. பரிசீலிக்கச் சொல்லும் உத்தரவு ஒரு வாரத்தில் கிடைக்கும் என்று யாராவது ஆசை காட்டினால், அதோடு திருப்தியடைந்துவிட வேண்டாம் என்று அக்காவிடம் சொல்லுங்கள். ஓர் ஆட்சேப மனு, ஒரு நினைவூட்டல், பிறகு மேல்முறையீடு. அதற்குமேல் காத்திருக்கக் கூடாது.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லாமல் விடுவது நேர்மையாகாது. சரியான நீதிமன்றத்துக்குச் சரியான நேரத்தில் போனாலும் பணிமூப்பு ஒன்றே தலைமையாசிரியர் பதவியைத் தந்துவிடாது. 1974ஆம் ஆண்டு விதிகளில் 15ஆவது விதியின் 4ஆவது உட்பிரிவு, பதவி உயர்வு தகுதியையும் திறமையையும் கொண்டே அமைய வேண்டும், அவை ஏறத்தாழச் சமமாக இருக்கும்போதுதான் பணிமூப்பைப் பார்க்க வேண்டும் என்று சொன்னது. பள்ளி சிறுபான்மையினர் நடத்துவதாக இருந்தால் நிலை இன்னும் கடினம்; தலைமையாசிரியரையோ முதல்வரையோ தம் விருப்பப்படி தேர்ந்தெடுக்கும் உரிமை அவர்களுக்கு உண்டு, தகுதி பெற்றவராக இருந்தால் மூத்தவரைத்தான் எடுக்க வேண்டும் என்று வற்புறுத்த முடியாது என்று அம்மத் வழக்கிலும் (1998) மலங்கரா சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கிலும் (2006) தீர்ப்பாகியிருக்கிறது. அப்படியானால் பதவி உயர்வை எதிர்ப்பது வீண்முயற்சியாகலாம். பணிமூப்புப் பட்டியலை மட்டும் திருத்தக் கேட்பது பயன் தரலாம். இவற்றோடு, ஆசிரியர் தகுதித் தேர்வைப் பற்றி உச்ச நீதிமன்றம் 2025 செப்டம்பர் 1ஆம் தேதி அளித்த தீர்ப்பில், பதவி உயர்வு நாடுபவருக்கு அந்தத் தேர்ச்சி கட்டாயம் என்றது. உயர்நிலைப் பள்ளித் தலைமையாசிரியர் பதவிக்கு அது எவ்வாறு பொருந்தும் என்பதை உங்கள் வழக்கறிஞர் தனியே ஆராய வேண்டும்.

ஒப்புதல் 2007இல் வந்தது என்ற காரணத்தைப் பற்றியும் ஒரு சொல். விதிப்படி, அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், உரிய தகுதியோடு நியமிக்கப்பட்டவரின் பணிமூப்பு நியமன நாளிலிருந்தே கணக்கிடப்பட வேண்டும், பின்னர் நடக்கும் உறுதிப்படுத்தலின் நாளிலிருந்து அல்ல என்பது 1990இல் நேரடி நியமனப் பொறியாளர்கள் சங்க வழக்கில் அரசியலமைப்பு அமர்வு வகுத்த நெறி. அது அரசுப் பணியாளர்களைப் பற்றியது என்றாலும் ஒப்புமையாக எடுத்து வைக்கலாம். அக்காவின் ஒப்புதல் ஆணை 2007இல் கையெழுத்தாகி 2004 முதல் செல்லும் என்று சொல்கிறதா, 2007 முதல்தான் செல்லும் என்று சொல்கிறதா என்பதே வழக்கின் உயிர்நாடி. முதலாவது என்றால் அவர் கை ஓங்கியிருக்கிறது. இரண்டாவது என்றால், 2004இல் அந்தப் பணியிடத்துக்கு அனுமதி இருந்ததா என்ற கேள்வி வரும்; அந்த ஒப்புதல் ஆணையை இத்தனை ஆண்டுகளாக ஏன் எதிர்க்கவில்லை என்ற கேள்வியும் கூடவே வரும்.

நீங்கள் இங்கிருந்து வழக்குத் தொடுக்க முடியாது. பணி விவகாரத்தில் பாதிக்கப்பட்டவரைத் தவிர வேறொருவர் பொதுநல வழக்காகக்கூட வர முடியாது என்று துரியோதன் சாஹு வழக்கில் 1998இல் சொல்லப்பட்டுவிட்டது. பிரமாணப் பத்திரத்தில் அக்காதான் கையெழுத்திட வேண்டும். பள்ளி விடுமுறையில் அவர் இங்கே வந்திருக்கும்போது அவசரம் நேர்ந்தால் கிரேஞ்ச் ரோட்டிலுள்ள இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று அனுப்பலாம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் ஆவணம் கேட்கும் உரிமை இந்தியக் குடிமக்களுக்கு மட்டுமே உண்டு. நீங்கள் சிங்கப்பூர்க் குடிமகனாகிவிட்டிருந்தால் உங்கள் பெயரில் விண்ணப்பிக்க வேண்டாம்; இந்தியக் கடவுச்சீட்டோடு நிரந்தரவாசியாக இருந்தால் விண்ணப்பிக்கலாம், ஆனாலும் அக்காவின் பெயரில் கேட்பதே நல்லது.

சிங்கப்பூரில் என்ன நடக்கும் என்ற கேள்விக்குச் சுருக்கமாகவே பதில் சொல்ல முடியும், ஏனென்றால் இந்தத் தகராறு இங்கே இந்த வடிவில் பிறப்பதில்லை. கல்வி அமைச்சின் ஆசிரியர்கள் பொதுச் சேவை அதிகாரிகள். பதவி உயர்வு சேர்ந்த தேதியின் வரிசைப்படி வருவதில்லை, ஆண்டு மதிப்பீட்டையும் எட்டக்கூடிய ஆற்றலையும் கொண்டே வருகிறது. அரசு ஊழியர்கள் வேலை நியமனச் சட்டத்தின் வரம்புக்கு வெளியே இருப்பதால் குறையை அவர்கள் சேவைக்குள்ளேயே முறையிட வேண்டும். நீதிமன்ற மறுஆய்வுக்குப் போவதென்றால் முதலில் அனுமதி பெற வேண்டும், அதற்கும் 3 மாதக் கெடு உண்டு. தனியார்த் துறையிலோ, பதவி உயர்வு என்பது தொழிற்சங்கம் கூட்டுப் பேச்சில் எழுப்ப முடியாத விஷயமாகத் தொழிலுறவுச் சட்டத்திலேயே ஒதுக்கி வைக்கப்பட்டிருக்கிறது. இங்கே கிடைக்கும் அனுபவத்தைக் கொண்டு ஊரிலுள்ள வழக்கை எடைபோட வேண்டாம் என்பதற்காக இதைச் சொன்னேன்.

இப்போது அக்கா செய்ய வேண்டியது இது. 2004ஆம் ஆண்டு நியமன ஆணை, 2007ஆம் ஆண்டு ஒப்புதல் ஆணை, கடைசி 5 ஆண்டுகளின் பணிமூப்புப் பட்டியல்கள், புதிய தலைமையாசிரியரின் நியமனத்துக்குக் கல்வித்துறை கொடுத்த ஒப்புதல் ஆணை ஆகியவற்றின் சான்றிட்ட நகல்களைக் கேட்டு மாவட்டக் கல்வி அலுவலகத்தில் தகவல் உரிமை மனுவை இந்த வாரமே கொடுக்கட்டும். 30 நாளில் பதில் வர வேண்டும். அதே நாளில் பள்ளிச் செயலருக்கும் மாவட்டக் கல்வி அலுவலருக்கும் ஆட்சேபத்தை விரைவஞ்சலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பட்டும். 30 நாளில் பதில் வராவிட்டால் காத்திருக்காமல் சட்டப்படியான மேல்முறையீட்டைத் தாக்கல் செய்துவிட வேண்டும். ஜூன் மாதத்திலிருந்து ஓராண்டு நிறைவதற்குள் அதில் அசைவே இல்லையென்றால், மேல்முறையீட்டை முடிக்கவும் அதுவரை நியமனம் இறுதி முடிவுக்கு உட்பட்டது என்று அறிவிக்கவும் மதுரைக் கிளையில் ரிட் மனு போடலாம். 2007ஆம் ஆண்டு ஒப்புதல் ஆணை கையில் கிடைத்ததும் அதில் ‘முதல்’ என்ற சொல்லுக்கு முன்னால் எந்தத் தேதி இருக்கிறது என்பதை மட்டும், பெயர்கள் எதுவும் இல்லாமல், இங்கே எழுதுங்கள். வழக்கு எவ்வளவு தூரம் நிற்கும் என்பதை அந்த ஒரு தேதியைக் கொண்டு இப்போதைவிடத் தெளிவாகச் சொல்ல முடியும்.